ஏரிக்கோடியில் அடித்த தண்டோரா

பட்டுப்புழு வளர்த்த வீட்டில் பிறந்தவர்கள் நம்மில் எத்தனை பேர் என்று தெரியவில்லை. அப்படிப் பிறந்தவர்களுக்கு நான் அதிகம் சொல்ல வேண்டியதில்லை. உள்ளே போகும் முன் கை கால் கழுவ வேண்டும். வாசலில் கொட்டியிருக்கும் சுண்ணாம்புத் தூளை மிதித்துவிட்டுத்தான் அடுத்த அடி. ஊதுவத்தி கொளுத்தக் கூடாது, வெங்காயம் தாளிக்கக் கூடாது, கத்திப் பேசக் கூடாது. தட்டுத் தட்டாக அடுக்கிய புழுக்கள் மல்பெரி இலை தின்னும் சத்தம், பக்கத்து அறையில் யாரோ ஓயாமல் புது வேட்டியைப் பிரித்துக்கொண்டே இருப்பது போலக் கேட்கும். அந்தச் சத்தத்தில்தான் நான் வாய்ப்பாடு படித்தேன். இன்றைக்குக் கம்பெனி ஆபீசில் உட்கார்ந்து பில் எழுதுகிறேன். எத்தனையோ மெஷின்கள் ஓடுகின்றன. அந்தச் சத்தம் எதிலும் வரவில்லை.

நமக்கு இன்னும் முப்பதுகூட ஆகவில்லை. ஆனால் ஞாயிற்றுக்கிழமை டீக்கடையில் கூடினால் கிழவர்கள் மாதிரி "அப்பல்லாம்" என்று ஆரம்பித்துவிடுகிறோம். நம் பக்கம் அப்படி ஆகிவிட்டது. நாம் ஐந்தாவது படிக்கும்போது கேழ்வரகு விளைந்த இடத்தில் பத்தாவது முடிப்பதற்குள் காம்பவுண்டுச் சுவர் வந்துவிட்டது. "உங்க கொல்லை என்னடா ஆச்சு?" என்று நீங்கள் கேட்டபோதெல்லாம் "ஏலத்துல போச்சு" என்று ஒரே வார்த்தையில் முடித்திருக்கிறேன். பொய் இல்லை. ஆனால் முழுசும் இல்லை.

ஆறாவது படித்த வருஷம் அது. கொல்லை என்று நாம் சொல்லும் எங்கள் விளைநிலம் ஒன்றே முக்கால் ஏக்கர். அதற்கு ஒட்டினாற்போல் பெரியப்பாவின் கொல்லை. நடுவில் ஒரு வரப்பு. அப்பாவும் பெரியப்பாவும் பேசி மூன்று வருஷம் ஆகியிருந்தது. பாகம் பிரித்த அன்றைக்கு, தான் போர் போட்டு மல்பெரி வைக்கப் போவதாக அப்பா சொல்ல, பெரியப்பா ஊர் நடுவில் சிரித்தாராம்.

"புழு வளத்து பங்களா கட்டப் போறானாமா! கட்டட்டும். கட்டுனா நான் வந்து வாட்ச்மேன் வேலை பாக்கறன்."

அந்தச் சிரிப்புக்குப் பதில் சொல்லவே அப்பா வாழ்ந்தார் என்று இப்போது தோன்றுகிறது. ஓசூரில் காய்கறி மண்டி வைத்திருந்தவரிடம் கொல்லையை அடமானம் எழுதிக் கொடுத்து, போர் போட்டு மோட்டார் இறக்கினார். தண்ணீர் வந்தது. மல்பெரியும் வந்தது. ஆனால் முதல் இரண்டு போகமும் நோயில் புழு கறுத்துச் செத்தது. அம்மா தட்டோடு எடுத்துப் போய்க் குழியில் கொட்டினாள். வட்டி கட்ட முடியாமல் நின்றது. மண்டிக்காரர் கேஸ் போட்டார், தீர்ப்பு வாங்கினார். இதெல்லாம் ஊரில் ஒருவருக்கும் தெரியாது. கோர்ட்டுக்குப் போகிற நாட்களில் அப்பா கையில் ஒரு காலி உரச்சாக்கை மடித்து எடுத்துக்கொண்டு போவார். கேட்டால் "உரம் வாங்க" என்பார். உரம் ஸ்டாக் இல்லை என்று சாக்கோடு திரும்பி வருவார்.

மூன்றாவது போகம் நன்றாக வந்தது. நாலு தடவை தோல் உரிக்கும் புழு. ஒவ்வொரு தடவையும் உரிக்கும் முன் அது அசையாமல் கிடப்பதை எங்கள் பக்கம் ஜொரம் என்பார்கள். நாலாம் ஜொரமும் தாண்டி எழுந்து, விரல் தடிமனில் வெள்ளை வெளேரென்று நெளிந்தது. இன்னும் ஐந்தாறு நாளில் பழுத்து மஞ்சள் ஓடும். பிறகு சந்திரிகையில் எடுத்துவிட்டால் கூடு கட்டிவிடும். மூங்கில் பாயில் சுருள் சுருளாகப் பட்டை வைத்துக் கட்டிய பெரிய தட்டிதான் சந்திரிகை. இப்போது பிளாஸ்டிக்கில் வருகிறது. எங்களுடையதை அப்பா கையால் முடைந்திருந்தார்.

அப்போதுதான் அமீனா வந்தார்.

கோர்ட் ஆணையைக் கொண்டுவந்து நிறைவேற்றுகிறவர் என்று பிற்பாடுதான் தெரியும். எனக்கு அன்று அவர் சைக்கிளில் ரெக்சின் பை மாட்டிய, காதோரம் நரைத்த ஒரு ஆள். பேச்சு தெற்கத்திப் பேச்சு. கூடவே தோளில் தப்பட்டையோடு தண்டோராக்காரர். அவர் எல்லைப் பக்கத்து ஆள். பாதி தெலுங்கு, பாதி தமிழ்.

காலை வெயில் மோட்டார் கொட்டாய் மேல் விழுந்திருந்தது. அப்பா இலைக் கட்டோடு வந்தவர் அப்படியே நின்றார்.

"அண்ணே, கோர்ட்ல இருந்து வாரேன். ஏல அறிவிப்புண்ணே. கொல்லையில வச்சு தண்டோராப் போட்டு, ஊருக்குச் சொல்லிட்டு, ஒரு காப்பி ஒட்டிட்டுப் போயிருவேன். கோவிச்சுக்காதீக" என்றார் அமீனா.

அப்பா இலைக் கட்டைக் கீழே போடவே இல்லை. தலையில் வைத்தபடியே பேசினார்.

"சார், உள்ள புழு இருக்குது. பழுக்கற நேரம். சத்தம் ஆவாது."

"என்னண்ணே சொல்றீக?"

"தப்பட்டை சத்தம் கேட்டுச்சுன்னா புழு தலையத் தூக்கிக்கும். நூல் விடாது. எல்லாம் போயிரும் சார். யாரை வேணா கேளுங்க."

தண்டோராக்காரர் சிரித்தார். "நானும் எத்தினியோ வூட்டு முன்னால அடிச்சிருக்கறன். அழுதவங்க உண்டு, மண்ணை வாரி எறிஞ்சவங்க உண்டு. புழு தூங்குதுன்னு சொன்னவங்க இல்ல சாமி."

"நீ சும்மா இருய்யா" என்றார் அமீனா. ஆனால் அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

சத்தம் ஆகாது என்பது எங்கள் வீட்டுச் சட்டம்தான். அதற்காக நானே அடி வாங்கியிருக்கிறேன். ஆனால் அப்பா அன்றைக்குப் பேசும்போது புழு வீட்டுப் பக்கம் பார்க்கவில்லை. வரப்புக்கு அந்தப் பக்கம் பெரியப்பா மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்தார். அப்பாவின் கண் அங்கேயே இருந்தது.

கடைசியில் அவர் இலைக் கட்டை இறக்கி வைத்தார். அமீனாவின் சைக்கிள் ஹாண்டிலைப் பிடித்துக்கொண்டார். "சார், உங்க காலைத் தொட்டுக் கேக்கறன். இந்த ஒரு போகம் எடுத்துட்டா மண்டிக்காரருக்கு முக்கால்வாசி குடுத்துருவன். ஊர் நடுவுல டமாரம் அடிச்சுப் பேரைச் சொல்லிட்டீங்கன்னா நான் இங்க இருக்க முடியாது சார். அதுக்கு நீங்க கயிறு வாங்கிக் குடுத்துட்டுப் போங்க."

அமீனா அப்பாவின் கையை ஹாண்டிலிலிருந்து மெதுவாக எடுத்துவிட்டார். "எனக்கும் ரெண்டு பொம்பளப் புள்ளைக இருக்குண்ணே. வேலைக்கு ஆபத்து வந்துறக் கூடாது" என்றார். பிறகு, "சட்டத்துக்கு ஒரு அடியாவது விழணும். எங்க வச்சு அடிக்கலாம், நீங்களே சொல்லுங்க."

அப்பா ஏரிக்கோடியைக் காட்டினார்.

நாலு பேரும் நடந்தோம். ஏரியில் அந்த வருஷம் பாதித் தண்ணீர். கோடியில் ஒரு எருமை கழுத்து வரை முங்கிக் கிடந்தது. வேறு யாரும் இல்லை. தண்டோராக்காரர் குச்சியை எடுக்கவில்லை. விரலால் மூன்று தட்டுத் தட்டினார். அமீனா காகிதத்தைப் பார்த்து, பக்கத்தில் இருக்கிறவனிடம் பேசும் குரலில், வாதி பேர், பிரதிவாதி பேர், சர்வே நம்பர், ஏலத் தேதி எல்லாம் வாசித்தார். எருமை காதை ஆட்டியது.

"கொட்டகுண்டா கூலி" என்றார் தண்டோராக்காரர், தப்பட்டையைத் தோளில் மாட்டிக்கொண்டே. அடிக்காமலே கூலி என்று அர்த்தம்.

ஒட்டுகிற காப்பி பாக்கி இருந்தது. மோட்டார் கொட்டாய்க்குத் திரும்பினோம். தண்டோராக்காரரின் டப்பாவில் கஞ்சிப் பசை புளித்து நாறியது.

"கதவுக்கு உள்பக்கம் ஒட்டுங்க சார்" என்றார் அப்பா.

"உள்பக்கம் ஒட்டுனா எலிதாண்ணே படிக்கும்."

"படிக்கட்டும் சார்."

உள்பக்கம்தான் ஒட்டினார்கள். பிறகு அமீனா பையின் மேல் வைத்து ஒரு ரிப்போர்ட் எழுதினார். "ஊர்ல ரெண்டு பேரு சாட்சி போடணும். யாரையாச்சும் கூப்பிடுங்கண்ணே" என்றார். யாரையும் கூப்பிட அப்பாவுக்கு மனமில்லை. "எங்கொல்லைக்கு நான் வெக்காம யார் வெப்பாங்க? நானே வெக்கறன்" என்று கட்டை விரலை நீட்டினார். இன்னொரு விரல் தண்டோராக்காரருடையது.

மை உருட்டும் முன் அப்பா என்னைப் பார்த்தார். "டேய் பையா, என்னா எழுதியிருக்குதுன்னு படி."

எங்கள் வீட்டில் எழுத்துத் தெரிந்த முதல் ஆள் நான். பள்ளிக்கூடத்தில் செய்யுள் ஒப்பிப்பது போல, கையைக் கட்டிக்கொண்டு, நிறுத்தி நிறுத்தி வாசித்தேன். மேற்படி சொத்தின் மேல் தண்டோரா போட்டு, ஊரார் பலர் அறிய உரக்கக் கூறி, கதவில் நகல் ஒட்டி, இன்ன தேதியில் ஏலம் நடக்கும் என்பதைப் பிரதிவாதிக்கும் தெரிவித்து.

"அப்பா, ஊரார் பலர் அறியன்னு இருக்குதுப்பா."

"இருக்கட்டும்."

"தேதி போட்டிருக்குதுப்பா."

"தண்டோரா போடாம ஏலம் ஏதுடா? காயிதம் அவரு வேலைக்கு. நீ போயி இலை வெட்டு."

விரலை வைத்தார். நீலமாக, கொஞ்சம் கோணலாக விழுந்தது. அமீனாவின் சைக்கிளில் ஒரு கூடை தக்காளி ஏற்றிவிட்டார். அவர் வேண்டாம் வேண்டாம் என்று சொல்லி, கடைசியில் நாலே நாலு எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு போனார்.

நண்பர்களே, அன்றைக்குச் சாயங்காலம்போல அப்பாவைச் சந்தோஷமாக நான் அதற்கு முன்பும் பார்த்ததில்லை, பின்பும் பார்த்ததில்லை. அம்மாவிடம் விஷயத்தை அன்றுதான் சொன்னார். அதையும் ஜெயித்த கதையாகச் சொன்னார். அமீனாவையே திருப்பி அனுப்பியாச்சு, இனி அடுத்த போகம் வரைக்கும் ஏலம் இல்லை என்றார். அம்மா புழுவுக்கு இலை தூவிக்கொண்டே கேட்டாள்: "நெசமாவா?" "பையனைக் கேளு. அவந்தான் படிச்சான்" என்றார். அம்மா என்னைப் பார்த்தாள். நான் தலையாட்டினேன். எதற்கு ஆட்டினேன் என்று எனக்கே தெரியாது.

புழு பழுத்தது. சந்திரிகை முழுக்க வெள்ளைக் கூடு. குலுக்கினால் உள்ளே கூட்டுப்புழு கடகடவென்று ஆடும். சாக்கில் கட்டி, பஸ் மேலே போட்டு, எல்லை தாண்டிக் கர்நாடகத்துக் கூடு மார்க்கெட்டுக்குப் போனோம். வியாபாரி ஒரு கூட்டைக் காதருகில் குலுக்கிப் பார்த்து "ஒள்ளே கூடு" என்றான். நல்ல கூடு என்ற அந்த வார்த்தையை அப்பா வரும் வழியெல்லாம் சொல்லிக்கொண்டே வந்தார். ஓசூரில் இறங்கி, நேராக மண்டிக்குப் போனோம்.

மண்டிக்காரர் கெட்டவர் இல்லை. எனக்குப் பன் வாங்கி வரச் சொன்னார். பிறகு அப்பாவைப் பார்த்துக் குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

"என்னப்பா, இப்ப வர்ற? ஏலம் போன வாரமே முடிஞ்சிருச்சே."

அப்பா சிரித்தார். "தண்டோராவே போடலைங்களே?"

"போட்டதா ரிப்போர்ட் இருக்குது. உன் கைநாட்டும் இருக்குது. ஏலத்துல யாருமே வரல. ரெண்டே பேர். என் மச்சான் ஒருத்தன், அவன்கூட டீ குடிக்க வந்தவன் ஒருத்தன். மச்சான் பேர்ல முடிஞ்சுது. அடிமாட்டு வெலைதான். நான் என்னா பண்றது? கோர்ட்டு கைக்குப் போனது, இனி எங்கையில இல்ல."

பன்னில் இருந்த டூட்டி ஃப்ரூட்டி ஒவ்வொன்றாக எடுத்துத் தின்றுகொண்டிருந்த நான் பாதியில் நிறுத்தினேன். அப்பா இடுப்பில் பணத்தைக் கட்டியிருந்த துண்டை ஒரு கையால் பிடித்தபடி, மறு கையால் தராசுச் சங்கிலியைப் பிடித்துக்கொண்டு நின்றார். தராசு ஆடிக்கொண்டே இருந்தது.

ஊருக்குத் தெரிய இரண்டு நாள்கூட ஆகவில்லை. மூன்று வருஷமாகத் தாண்டாத வரப்பைத் தாண்டி பெரியப்பா வந்தார். அப்பா மல்பெரிச் செடிக்கு நடுவில் உட்கார்ந்திருந்தார். அடிக்க வருகிறார் என்றுதான் நினைத்தேன்.

"டேய், எவனோ ஏலம் எடுத்துட்டானாமே! எனக்கு ஒரு வார்த்தை சொன்னியாடா நீ?"

அப்பா நிமிரவில்லை.

"எங்கொல்லைக்கு ஒட்டுன கொல்லைடா. ஏலம்னு காதுல விழுந்திருந்தா ரெண்டு சோடி மாட்டை வித்துட்டு நான் போயி நின்னிருப்பனே. வெலையாவது ஏத்தியிருப்பன். இல்லாட்டி எம்பேர்ல எடுத்து உன்னையே உழச் சொல்லியிருப்பன். உழவு உனக்கு, பேரு எனக்கு. என்னா கொறஞ்சிருக்கும்? தப்பட்டை அடிச்சாங்களாடா? எங்காதுல விழலையே!"

அப்பா ஒரு மல்பெரி இலையைக் கிழித்துக்கொண்டிருந்தார். எனக்கோ அந்த வயதிலேயே ஒன்று உறைத்தது. தண்டோரா எங்களை அவமானப்படுத்த வந்தது என்று நினைத்திருந்தோம். அது ஊரைக் கூப்பிட வந்தது. கூப்பிடாதே என்று அதன் வாயைப் பொத்தியவர்கள் நாங்கள். நான் படித்துக் காட்டினேன். அப்பா விரல் வைத்தார்.

பெரியப்பாதான் வக்கீலைப் பிடித்தார். வக்கீல் ரிப்போர்ட் நகலைப் பார்த்தார். "தண்டோரா போடாம நடந்த ஏலம்னு நிரூபிச்சா ஏலத்தை ரத்து பண்ண வழி இருக்கு. உங்க அண்ணன் வந்து சத்தமே கேக்கலைன்னு சொல்லட்டும். நீ ஒண்ணே ஒண்ணு சொல்லு: வெத்துக் காகிதத்துல கைநாட்டு வாங்கினாங்க. அவ்வளவுதான்" என்றார்.

"அப்ப அந்த அமீனா?" என்று கேட்டார் அப்பா.

"அவன் வேலை போகும். போகட்டுமே. உனக்குக் கொல்லை வேணுமா, அவன் வேலை வேணுமா?"

கோர்ட் நாளன்று பள்ளிக்கு லீவு போட்டுவிட்டு நானும் போனேன். நோட்டீஸ் போர்டில் கேஸ் நம்பர் படிக்க ஆள் வேண்டுமே. புங்க மரத்தடியில் காத்திருந்தபோது அமீனா எங்களிடம் வந்தார். சட்டை காலர் கிழிந்து, திருப்பித் தைத்திருந்தது. என் தலையைத் தொட்டார். அப்பாவிடம், "அண்ணே, கொல்லை உங்களது. நீங்க சொல்ல வேண்டியதைச் சொல்லுங்க. நான் உங்களை ஒண்ணும் நினைச்சுக்கிற மாட்டேன்" என்றார். பெரியப்பா அவரைப் பார்த்துக் காறித் துப்பினார். அமீனா எச்சிலைத் துடைக்கிற மாதிரி முகத்தைத் துடைத்துக்கொண்டு போனார். அது அவர் மேல் படவே இல்லை.

கூண்டில் ஏறியதும் அப்பா செருப்பைக் கழற்றிவிட்டார். யாரும் கழற்றச் சொல்லவில்லை. எங்கள் வக்கீல் இரண்டு கேள்வி கேட்டார். அதற்கு அப்பா தலையை மட்டும் ஆட்டினார். எதிர் வக்கீல் எழுந்து ரிப்போர்ட்டை நீட்டினார்.

"இந்த ரேகை உன்னுதா?"

"ஆமாங்க."

"வெத்துக் காகிதத்துல வெச்சியா, எழுதின காகிதத்துல வெச்சியா?"

அப்பா ஒரு தடவை என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் கதவோரம் பெரியப்பாவின் வேட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"எழுதினதுலதாங்க. எம்பையன் படிச்சான்."

கோர்ட்டில் யாரோ சிரித்தார்கள். எதிர் வக்கீல் குரலை உயர்த்தினார். "அப்ப தண்டோரா போட்டாங்களா, இல்லையா? போடலைன்னா, போட்டதா எழுதின காகிதத்துல எதுக்குக் கைநாட்டு வெச்சே? அதைச் சொல்லு."

மேலே மின்விசிறி சுற்றியது. சுவரோரம் அமீனா கையைக் கட்டிக்கொண்டு நின்றார். பெஞ்சு நிறைய ஆட்கள். மண்டிக்காரர், அவர் மச்சான், வேறு வேறு ஊர்க் கேஸ்காரர்கள், எங்கள் ஊர்க்காரர்கள் நாலு பேர். அப்பா சொல்ல வேண்டிய பதில் ஒரு வரிதான்: நான்தான் வேண்டாம்னு கெஞ்சினேன். சைக்கிளைப் பிடிச்சுக்கிட்டுக் கெஞ்சினேன். அந்த வரிக்காக எல்லோரும் காத்திருந்தார்கள்.

"போட்டாங்க" என்றார் அப்பா.

"சத்தமா சொல்லுப்பா" என்றார் ஜட்ஜ்.

"தண்டோரா போட்டாங்க சாமி."

எங்கே என்று யாரும் கேட்கவில்லை. எங்கள் வக்கீல் கேஸ் கட்டை மூடினார். பெரியப்பாவைக் கூண்டுக்குக் கூப்பிடவே இல்லை.

அமீனாவைக் காப்பாற்றத்தான் அப்பா அப்படிச் சொன்னார் என்று ரொம்ப வருஷம் நம்பினேன். அதை நினைத்து எனக்குப் பெருமைகூட இருந்தது. இப்போது அப்படி நிச்சயமாகச் சொல்ல முடியவில்லை. கெஞ்சினேன் என்று அத்தனை பேர் முன்னால் வாய் திறந்து சொல்வதற்கு அவரால் ஆகவில்லை, அவ்வளவுதானோ என்று தோன்றுகிறது. ஏரிக்கோடிக்கு எங்களை நடத்திப் போன அதே கூச்சம் கூண்டிலும் அவர் கூடவே ஏறியிருக்கலாம். இரண்டும் சேர்ந்தும் இருந்திருக்கலாம். அப்பாவிடம் கேட்டிருக்கலாம். அவர் போய்ச் சேருகிற வரைக்கும் நான் கேட்கவில்லை.

பஸ்ஸில் பெரியப்பாதான் முதலில் காசை நீட்டினார். மூன்று டிக்கெட் வாங்கினார். அப்பா காசு எடுத்தபோது கையைத் தட்டிவிட்டார்.

அம்மா வாசலிலேயே நின்றிருந்தாள்.

"என்னாச்சுங்க? தண்டோரா போடலைன்னு சொன்னீங்களா?"

அப்பா செருப்பை மூலையில் விட்டார். "ஜட்ஜ் ஒண்ணுமே கேக்கல."

"கேக்கவே இல்லையா?"

அப்பா உள்ளே போனார். அம்மா பெரியப்பாவைப் பார்த்தாள். மூன்று வருஷத்தில் அவரோடு அவள் பேசிய முதல் பேச்சு அதுதான். "நீங்க சொல்லுங்க மாமா. கேக்கலையா?"

பெரியப்பா துண்டை உதறித் தோளில் போட்டார். "கேக்கலம்மா. அவங்களுக்கு எதுக்கு நம்ம கதை? எழுதி வெச்சுட்டுத்தான் உக்காந்திருக்காங்க."

அம்மா என்னைப் பார்த்தாள். இந்த முறை நான் என்ன செய்தேன் என்பது நன்றாக நினைவிருக்கிறது. "கேக்கலம்மா" என்று வாய் திறந்து சொன்னேன்.

கொல்லையை ஒப்படைத்த பிறகு நாங்கள் மூக்கண்டப்பள்ளிப் பக்கம் வாடகைக்கு வந்தோம். இப்போதும் பஸ் கோர்ட்டைத் தாண்டும்போது அம்மா ஜன்னல் வழியாகக் கையை நீட்டி அந்த ஜட்ஜைச் சபிக்கிறாள். ஒரு வார்த்தை கேட்டிருந்தால் என் புருஷன் எல்லாம் சொல்லியிருப்பாரே, கேட்கக்கூட வாய் வரவில்லையா என்கிறாள். பஸ்ஸில் இருப்பவர்கள் திரும்பிப் பார்க்கிறார்கள். அந்த ஜட்ஜ் மாற்றலாகி எங்கே போனாரோ, உயிரோடுதான் இருக்கிறாரோ. அவர் கேட்டார். சத்தமாகச் சொல்லச் சொல்லியும் கேட்டார்.

நான் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து, அம்மாவின் கையைப் பிடித்து உள்ளே இழுத்து வைக்கிறேன். நீங்கள் வீட்டுக்கு வந்தால் இதைப் பற்றிப் பேச வேண்டாம். அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. அதனால்தான் எழுதுகிறேன்.